தடை உத்தரவு இருக்கும்போதே ஆர்டிஓ நோட்டீஸ் வந்தா என்ன பண்றது

நிலத் தகராறுல முன்சிஃப் கோர்ட்ல இடைக்காலத் தடை வாங்கியும் சித்தப்பா பையன் கம்ப்ளெய்ன்ட்ட வச்சு ஆர்டிஓ (வருவாய் கோட்டாட்சியர்) நோட்டீஸ் அனுப்பிட்டார்ங்கிறீங்க, பதறாதீங்க சார், ஆனா விசாரணைக்குப் போகாம மட்டும் இருந்துடாதீங்க. அந்த நோட்டீஸ் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துல 145வது பிரிவு, 2024 ஜூலைல இருந்து அதுக்குப் பதிலா வந்த பிஎன்எஸ்எஸ் சட்டத்துல 164. அங்க நிலம் யாருதுன்னு பாக்க மாட்டாங்க, யாரு அனுபவத்துல இருக்காங்கன்னுதான் பாப்பாங்க, அதனால பட்டாவ மட்டும் தூக்கிட்டுப் போனா பத்தாது, அடங்கல் (யாரு என்ன பயிர் வச்சிருக்காங்கன்னு விஏஓ எழுதுற கணக்கு), மோட்டார் கனெக்‌ஷன் பேப்பர், தீர்வை ரசீது எல்லாம் எடுத்துக்கோங்க. கூடவே நீங்க கோர்ட்ல போட்ட பிராது, தடை உத்தரவு ரெண்டுக்கும் சர்ட்டிஃபைட் காப்பி வச்சு எழுத்துல பதில் குடுத்து, உங்க நகல்ல சீல் வாங்கிடுங்க (வாய்ல சொன்னா ஃபைல்ல ஏறாது).

அதே இடத்தோட அனுபவம் பத்தி சிவில் கேஸ் நடக்கும்போது இணையா 145 ஓட்டக்கூடாதுன்னு ராம் சுமேர் புரி மகந்த் கேஸ்ல சுப்ரீம் கோர்ட் முன்னாடியே சொல்லியாச்சு, அதையும் பதில்ல போடுங்க. கேக்கலன்னா ஹைகோர்ட்ல ரத்து கேக்கலாம்.

உங்க மேல தேங்கா திருட்டுன்னு போட்டிருக்கிற எஃப்ஐஆர் மட்டும் வேற கதை. சிவில் கேஸ் இருக்குங்கிறதுக்காக அது தானா போயிடாது, முன்ஜாமீன் பத்தி வக்கீல்கிட்ட இன்னைக்கே பேசுங்க. அந்தத் தடை எந்தத் தேதி வரைக்கும்னும் பாத்துக்கோங்க, நீட்டிக்காம விட்டிருந்தா மேல சொன்னதுல பாதி செல்லாது.