வளரும் நாடுகள் ஃபண்டில் 6 லட்சம் போடலாமா?

கேள்வி: எனக்கு வயது 43. பத்து ஆண்டுகளாக இந்திய இண்டெக்ஸ் ஃபண்டுகளில் எஸ்ஐபி போட்டு வருகிறேன். இன்றைய மதிப்பு சுமார் 24 லட்சம். ஒரு எஃப்டி முதிர்ந்து 6 லட்சம் கையில் இருக்கிறது. அதை அப்படியே ‘எமர்ஜிங் மார்க்கெட்’ ஃபண்டில் போடச் சொல்கிறார் வங்கியில் ஒருவர். “பணக்கார நாடுகள் வளர்ந்து முடித்துவிட்டன, இனி வளர்ச்சி இந்த நாடுகளில்தான்” என்கிறார். பொருளாதாரத்தில் முதல் ஐந்து இடத்துக்குள் இருக்கும் இந்தியா எப்படி இன்னும் ‘வளரும்’ பட்டியலில் இருக்கிறது? தென் கொரியாவை ஒரு ஃபண்ட் வளர்ந்த சந்தை என்கிறது, இன்னொன்று வளரும் சந்தை என்கிறது, எது சரி? ரேங்க் பார்த்து நாட்டைத் தேர்ந்தெடுத்து முதலீடு செய்யலாமா? மகள் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறாள். மேல்படிப்புக்கு வெளிநாடு அனுப்பும் எண்ணம் இருக்கிறது.
– வாசகர், ஈரோடு

பதில்: 6 லட்சத்தையும் அந்த ஃபண்டில் போட வேண்டாம். ஃபண்ட் மோசமானது என்பதற்காக இல்லை. உங்கள் கையில் ஏற்கெனவே இருப்பதோடு அது சரியாகப் பொருந்தாது. ஏன் என்பதைப் புரிந்துகொள்ள, இந்தப் பட்டியல்களை யார், எதற்காகப் போடுகிறார்கள் என்று தெரிந்தாக வேண்டும்.

நாடுகளைத் தரம் பிரிக்க உலகம் முழுவதற்கும் பொதுவான பட்டியல் எதுவும் கிடையாது. உலக வங்கி நபர்வாரி வருமானத்தை மட்டும் பார்த்து நாடுகளை நான்கு தட்டாகப் பிரிக்கிறது. ஒவ்வோர் ஆண்டும் ஜூலை 1 அன்று புதிய பட்டியல் வரும். 2025 ஜூலைப் பட்டியலில் ஆண்டுக்கு 1,135 டாலர் வரை குறைந்த வருமானம், 4,495 வரை கீழ்நடுத்தரம், 13,935 வரை மேல்நடுத்தரம், அதற்கு மேல் உயர் வருமானம். இந்தியாவின் நபர்வாரி வருமானம் 2,600, 2,700 டாலர் அளவில் இருப்பதால் நாம் கீழ்நடுத்தரத் தட்டில் இருக்கிறோம். முதல் ஐந்து இடம் என்று நீங்கள் படித்தது மொத்த ஜிடிபி கணக்கு. பதினைந்து பேர் உழைக்கும் கூட்டுக்குடும்பத்தின் மொத்த வரவு பக்கத்து வீட்டு டாக்டரின் வரவைத் தாண்டலாம். தலைக்கு எவ்வளவு என்று வகுத்தால் கதை மாறிவிடும். இரண்டு எண்ணும் உண்மைதான், கேட்கும் கேள்விதான் வேறு.

இந்தத் தட்டுகளின் விளிம்பு எவ்வளவு மெல்லியது என்பதற்கு இலங்கை நல்ல உதாரணம். 2019 ஜூலையில் அதன் நபர்வாரி வருமானம் 4,060 டாலர் என்று கணக்கிட்டு மேல்நடுத்தரத்துக்கு உயர்த்தினார்கள். அடுத்த ஆண்டு வருமானம் 4,020 டாலராகக் குறைந்தது, விளிம்போ 4,046 டாலருக்கு ஏறியது. 26 டாலரில் மறுபடி கீழே. இந்த ஏற்ற இறக்கம் உலக வங்கிக் கடன் நிபந்தனைகளுக்கு முக்கியம். முதலீட்டாளருக்கு அதிலிருந்து தெரிவது மிகக் குறைவு. 2022 ஏப்ரலில் இலங்கை வெளிநாட்டுக் கடனைத் திருப்பித் தருவதை நிறுத்தியபோது, முன்கூட்டி எச்சரித்திருந்தவை, அரசுகளின் கடனுக்கு மதிப்பெண் போடும் நிறுவனங்கள் தரும் கடன் தரக்குறியீடுகள்தான். அப்படிப்பட்ட நிறுவனங்களான மூடிஸும் ஃபிட்சும் 2020-லேயே அதை ‘சிசிசி’ அளவுக்கு, அதாவது கடன் திரும்புவது சந்தேகம் என்ற நிலைக்கு இறக்கியிருந்தன.

அந்தத் தரக்குறியீடும் ஒரே ஒரு கேள்விக்குத்தான் பதில் சொல்லும்: இந்த அரசு வாங்கிய கடனைத் திருப்பித் தருமா? 2025 ஆகஸ்டில் எஸ் அண்ட் பி என்ற இன்னொரு தர நிறுவனம் இந்தியாவை ‘பிபிபி மைனஸ்’ நிலையிலிருந்து ‘பிபிபி’க்கு உயர்த்தியது. அமெரிக்கா 2011-ல் எஸ் அண்ட் பி-யிடமும், 2023-ல் ஃபிட்சிடமும், 2025 மே மாதம் மூடிஸிடமும் உச்சத் தரத்தை இழந்தது. அமெரிக்கப் பங்குகள் அந்த ஆண்டுகளில் பெரும்பாலும் ஏறுமுகமாகவே இருந்தன. பாண்டு (கடன் பத்திரம்) வாங்குபவர் பார்க்க வேண்டிய அளவுகோல் இது. பங்கு ஃபண்ட் வாங்குபவருக்கு இரண்டாம் பட்சம்.

நீங்கள் வாங்கப்போகும் ஃபண்டைத் தீர்மானிப்பது மூன்றாவது வகைப் பட்டியல். அதைப் போடுபவை அரசு சாராத இண்டெக்ஸ் கம்பெனிகள்; எந்தப் பங்கு எவ்வளவு என்று இவை போடும் பட்டியலைத்தான் இண்டெக்ஸ் ஃபண்டுகள் அப்படியே பின்பற்றுகின்றன. முக்கியமானவை எம்எஸ்சிஐ, எஃப்டிஎஸ்இ ரஸல். எம்எஸ்சிஐ மூன்று விஷயம் பார்க்கிறது. நாட்டின் வருமானம், பங்குச் சந்தையின் அளவும் புழக்கமும், வெளிநாட்டு முதலீட்டாளர் பணத்தை உள்ளே கொண்டுவந்து வெளியே எடுத்துப்போவது எவ்வளவு சுலபம் என்பது. ‘வளர்ந்த சந்தை’ பட்டம் பெற, உலக வங்கியின் உயர் வருமான விளிம்பைவிட 25% கூடுதலான நபர்வாரி வருமானம் தொடர்ந்து மூன்று ஆண்டுகள் இருக்க வேண்டும். 13,935 டாலரை வைத்துக் கணக்கிட்டால் சுமார் 17,400 டாலர்.

கொரியா அந்த வருமானத்தை எப்போதோ தாண்டிவிட்டது. சாம்சங் இருக்கும் சந்தைக்கு அளவிலும் குறையில்லை. சிக்கல் மூன்றாவதில். கொரிய நாணயமான வோனை நாட்டுக்கு வெளியே தாராளமாக வாங்கி விற்க முடியாது என்பது எம்எஸ்சிஐயின் நீண்ட நாள் புகார். 2024 ஜூலையில் அந்நியச் செலாவணிச் சந்தை நேரத்தை அதிகாலை 2 மணி வரை நீட்டிப் பார்த்தார்கள்; எம்எஸ்சிஐக்கு அது போதவில்லை. 2023 நவம்பரில் ஷார்ட் செல்லிங்கை (பங்கைக் கடன் வாங்கி விற்பதை) தடை செய்து 2025 மார்ச் வரை வைத்திருந்ததும் உதவவில்லை. எஃப்டிஎஸ்இயோ 2009 செப்டம்பரிலேயே கொரியாவை வளர்ந்த சந்தையாகச் சேர்த்துவிட்டது. போலந்துக்கும் இதே கதை: 2018 முதல் எஃப்டிஎஸ்இயில் வளர்ந்தது, எம்எஸ்சிஐயில் வளரும் சந்தை. ஆக, எது சரி என்ற உங்கள் கேள்விக்குப் பதில்: ஃபண்ட் எந்தப் பட்டியலைப் பின்பற்றுகிறதோ, உங்கள் பணத்துக்கு அதுதான் சரி.

பணம் தவறுவதும் இந்த இடத்தில்தான். அமெரிக்காவில் வான்கார்டு என்ற ஃபண்ட் கம்பெனியின் எமர்ஜிங் மார்க்கெட் இடிஎஃப் (பங்குபோலச் சந்தையில் வாங்கி விற்கும் ஃபண்ட்) 2013-ல் எம்எஸ்சிஐயை விட்டு எஃப்டிஎஸ்இக்கு மாறியது. அதில் கொரியா இல்லை. போட்டிக் கம்பெனியான ஐஷேர்ஸின் எமர்ஜிங் மார்க்கெட் இடிஎஃப்களோ எம்எஸ்சிஐ பட்டியல்காரர்கள். அவற்றில் கொரியா பெரிய பங்கு. வளரும் சந்தைக்கு வான்கார்டையும், வளர்ந்த சந்தைக்கு ‘எம்எஸ்சிஐ வேர்ல்டு’ ஃபண்டையும் ஒருவர் சேர்த்து வாங்கினால், கொரியக் கம்பெனிகளான சாம்சங்கும் ஹைனிக்ஸும் இரண்டிலும் இருக்காது. மாற்றி வாங்கினால் இரண்டு முறை இருக்கும். இரண்டு ஃபண்டுக்கும் ஒரே கம்பெனியின் இண்டெக்ஸ் இருக்க வேண்டும் என்பது இதனால்தான். ஃபண்டின் ஃபேக்ட்ஷீட்டில் ‘பெஞ்ச்மார்க்’ என்ற வரியைப் பாருங்கள், அங்கே எழுதியிருக்கும். ‘எம்எஸ்சிஐ வேர்ல்டு’ என்ற பெயரை நம்பி உலகம் முழுவதும் உள்ளே இருப்பதாக நினைத்துவிடாதீர்கள். அதில் வளர்ந்த சந்தைகள் 23 மட்டும். இந்தியா, சீனா எதுவும் கிடையாது, சுமார் 70 சதவீதமும் அமெரிக்கா.

இப்போது உங்கள் 6 லட்சத்தைப் பிரித்துப் பார்ப்போம். எம்எஸ்சிஐ எமர்ஜிங் மார்க்கெட் இண்டெக்ஸில் 24 நாடுகள் உண்டு. ஆனால் சீனா, தைவான், இந்தியா, கொரியா நான்குமே சுமார் முக்கால் பங்கை எடுத்துக்கொள்கின்றன. இந்தியாவின் பங்கு 2024, 2025-ல் சுமார் 15 முதல் 20 சதவீதத்துக்குள் ஏறி இறங்கியது. அந்தக் கணக்கில் நீங்கள் 6 லட்சம் போட்டால் 90,000 முதல் 1,20,000 ரூபாய் வரை ஊரைச் சுற்றிவிட்டு மறுபடி ஹெச்டிஎஃப்சி வங்கிக்கும் ரிலையன்ஸுக்கும்தான் வந்து சேரும். உங்கள் 24 லட்சத்தில் அவை ஏற்கெனவே இருக்கின்றன. இந்த முறை வெளிநாட்டு ஃபண்ட் செலவு, அதன் மேல் இந்திய ஃபண்ட் செலவு என்று இரட்டைக் கட்டணம் வேறு. தைவான் பங்கில் பெரும்பகுதி டிஎஸ்எம்சி என்ற ஒரே சிப் கம்பெனி. மொத்த இண்டெக்ஸிலேயே சுமார் பத்தில் ஒரு பங்கு அது. ‘24 நாடுகளில் பரவலான முதலீடு’ என்று விளம்பரத்தில் இருக்கும். கிரீஸ், எகிப்து, பெரு எல்லாம் சேர்ந்தால்கூட உங்கள் ஸ்டேட்மெண்டில் கண்ணுக்குத் தெரியாத அளவுதான்.

“வளர்ச்சி இங்கேதான்” என்ற பேச்சுக்கு வருவோம். நாட்டின் வளர்ச்சி பங்குதாரர் கைக்கு அப்படியே வந்து சேருவதில்லை. சீனாவின் ஜிடிபி 2007-ல் சுமார் 3.5 லட்சம் கோடி டாலர், 2024-ல் 18 லட்சம் கோடியைத் தாண்டியது; ஐந்து மடங்குக்கு மேல். சீனப் பங்குச் சந்தைக் குறியீடான ஷாங்காய் காம்போசிட் 2007 அக்டோபரில் தொட்ட 6,124 என்ற உச்சத்தை அந்தப் பதினேழு ஆண்டுகளில் ஒருமுறைகூடத் திரும்பத் தொடவில்லை. கம்பெனிகள் புதிது புதிதாகப் பங்குகளை வெளியிட்டுக்கொண்டே இருந்தால் லாபம் அதிகம் பேருக்குப் பிரியும், ஒரு பங்குக்கான லாபம் ஏறாது. 2007-ல் வாங்கியவர்கள் கொடுத்த விலையும் அநியாயம். பணக்கார நாடு என்றால் பத்திரம் என்றும் இல்லை. ஜப்பானின் நிக்கேய் 1989 டிசம்பரில் 38,915-ஐத் தொட்டது, அதைத் தாண்ட 2024 பிப்ரவரி வரை ஆனது. அந்தக் காலம் முழுவதும் ஜப்பான் எல்லாப் பட்டியலிலும் வளர்ந்த நாடுதான்.

தரம் உயரப்போகும் நாட்டை முன்கூட்டியே பிடிக்கலாம் என்பது அடுத்த ஆசை. 2016 ஜூனில் பாகிஸ்தானை ஃபிரான்டியர் தட்டிலிருந்து (வளரும் சந்தைக்கும் கீழ்த் தட்டு) எமர்ஜிங்குக்கு உயர்த்துவதாக எம்எஸ்சிஐ அறிவித்தது. நடைமுறைக்கு வந்தது 2017 மே கடைசியில். இடைப்பட்ட காலத்தில் எல்லோரும் முந்திக்கொண்டு வாங்க, கராச்சி கேஎஸ்இ-100 இண்டெக்ஸ் அந்த மே மாதம் 52,000-ஐத் தாண்டியது. பட்டம் கைக்கு வந்த கையோடு விற்பனை தொடங்கியது, அரசியல் குழப்பமும் சேர்ந்தது. ஆண்டு முடிவில் 40,000 சுற்றில் நின்றது. 2021-ல் மறுபடி ஃபிரான்டியருக்கே அனுப்பிவிட்டார்கள். கீழே இறங்குவது இதைவிடக் கொடுமையாகவும் இருக்கலாம். 2022 மார்ச்சில் ரஷ்யப் பங்குகளை எம்எஸ்சிஐ கிட்டத்தட்ட பூஜ்ய விலையில் இண்டெக்ஸிலிருந்து எடுத்தது. அவற்றை வைத்திருந்த ஃபண்டுகளின் கணக்கிலும் மதிப்பு அதே கதிதான். இதே ரஷ்யாவைத்தான் 2024 ஜூலையில் உலக வங்கி ‘உயர் வருமான நாடு’ தட்டுக்கு ஏற்றியது.

உங்களுக்கு நான் சொல்வது: வெளிநாட்டு ஒதுக்கீடு மொத்தப் பங்கு முதலீட்டில் 10 முதல் 15 சதவீதம் வரை இருக்கட்டும். 24-ம் 6-ம் சேர்ந்து 30 லட்சத்தில் அது 3 முதல் 4.5 லட்சம். இந்தப் பணம் வளர்ந்த சந்தை இண்டெக்ஸ் ஃபண்டிலோ, அமெரிக்க இண்டெக்ஸ் ஃபண்டிலோ போகட்டும். இந்தியா என்ற பெரிய வளரும் சந்தை ஏற்கெனவே உங்களிடம் நிறைய இருக்கிறது. சீனா, தைவான், கொரியா கட்டாயம் வேண்டும் என்றால் 50,000 ரூபாய்க்கு மேல் வேண்டாம். 12 மாதத் தவணையாகப் போடுங்கள். மகள் கல்லூரிக்குப் போக மூன்றரை, நான்கு ஆண்டுதான் இருக்கிறது. முதல் ஆண்டுக் கட்டணத்துக்கான பணம் எந்த நாட்டுப் பங்கிலும் இருக்கக் கூடாது, மீதி 1.5 முதல் 3 லட்சத்தை எஃப்டியிலேயே புதுப்பித்துவிடுங்கள்.

வாங்கும் வழியில் சில தடைகள் உண்டு. வெளிநாட்டுப் பங்குகளில் இந்திய மியூச்சுவல் ஃபண்டுகள் எல்லாம் சேர்ந்து 700 கோடி டாலர், வெளிநாட்டு இடிஎஃப்களுக்குத் தனியே 100 கோடி டாலர் என்று உச்சவரம்பு இருக்கிறது. 2022 தொடக்கத்தில் அது நிரம்பியதிலிருந்து பல ஃபண்டுகள் புதுப் பணத்தை நிறுத்துவதும் திறப்பதுமாக இருக்கின்றன. இதனால் நம் சந்தையில் பட்டியலிட்ட வெளிநாட்டு இடிஎஃப்களின் விலை, உள்ளே இருக்கும் பங்குகளின் மதிப்பைவிட 5, 10 சதவீதம், சில நாட்களில் அதற்கும் மேல் எகிறி நிற்கும். ஆர்டர் போடும் முன் ஃபண்ட் கம்பெனி இணையதளத்தில் அன்றைய ஐஎன்ஏவி-யை (உள்ளே இருக்கும் பங்குகளின் உத்தேச மதிப்பு) பாருங்கள். சந்தை விலை அதைவிட 1 சதவீதத்துக்கு மேல் கூடுதலாக இருந்தால் அன்று வாங்காதீர்கள். வெளிநாட்டு ஃபண்டை நேரடியாக வாங்கி வைத்திருக்கும் இந்திய ஃபண்ட், அதாவது ஃபண்ட் ஆஃப் ஃபண்ட் வழியாகப் போனால் என்ஏவி (ஒரு யூனிட்டின் மதிப்பு) விலையே கிடைக்கும், இந்தச் சிக்கல் இல்லை. அதை 24 மாதத்துக்கு மேல் வைத்திருந்து விற்றால் லாபத்துக்கு இப்போதைய விதிப்படி 12.5 சதவீத வரி. அதற்குள் விற்றால் உங்கள் வருமான வரி விகிதம்.

எல்ஆர்எஸ் (தனிநபர் வெளிநாட்டுக்குப் பணம் அனுப்ப ரிசர்வ் வங்கி அனுமதிக்கும் திட்டம்) வழியாக நேரடியாக டாலர் அனுப்பி வாங்குவதும் சாத்தியம். நிதியாண்டுக்கு 10 லட்சம் ரூபாய் வரை டிசிஎஸ் (முன்கூட்டியே வசூலிக்கும் வரி) பிடித்தம் இல்லை, அதற்கு மேல் முதலீட்டுக்கு 20 சதவீதம் பிடிப்பார்கள். வரி தாக்கல் செய்யும்போது சரிக்கட்டிக்கொள்ளலாம். அமெரிக்க டிவிடெண்டில் 25 சதவீதம் அங்கேயே பிடித்துவிடுவார்கள். ஒவ்வோர் ஆண்டும் வருமான வரிப் படிவத்தில் ஷெட்யூல் எஃப்ஏ என்ற வெளிநாட்டுச் சொத்துப் பகுதியை நிரப்ப வேண்டும். அதில் கேட்பது நிதியாண்டுக் கணக்கு இல்லை, ஜனவரி முதல் டிசம்பர் வரையிலான கணக்கு. பலர் தவறுவது இங்கேதான். விட்டுவிட்டால், வீடு, நிலம் தவிர்த்த வெளிநாட்டுச் சொத்து 20 லட்சம் ரூபாயைத் தாண்டும்போது கருப்புப் பணச் சட்டப்படி 10 லட்சம் ரூபாய் அபராதத்துக்கு இடமுண்டு. 3, 4 லட்சத்துக்காக இவ்வளவு காகித வேலை தேவையில்லை. ஃபண்ட் ஆஃப் ஃபண்டின் டைரக்ட் பிளானே (இடைத்தரகர் கமிஷன் இல்லாதது) உங்களுக்குப் போதும். வங்கியில் காட்டுவது கமிஷன் உள்ள ரெகுலர் பிளானாகத்தான் இருக்கும், விண்ணப்பத்தில் ஏஆர்என் (விற்கும் இடைத்தரகரின் பதிவு எண்) கட்டம் நிரம்பியிருந்தால் அது ரெகுலர் பிளான் என்று அர்த்தம், அதைப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.