பிரெஞ்சு மௌனப் படங்கள்: பலசாலிகள் உடையும் இடங்கள் (கேள்வி பதில்)

கே: அண்ணா, 'லே வாம்பீர்' கொள்ளைக்காரி இர்மா வெப் கலங்கவே மாட்டாளா?

ப: அழுகைக்கு அங்கே நேரமில்லை. 1915-16இல் லூயி ஃபோயாத் பத்துப் பாகங்களாக எடுத்த தொடர் அது. கேமரா பெரும்பாலும் தள்ளியே நிற்கும். இர்மாவாக வரும் முசிதோரா உடம்பாலேயே நடித்தாக வேண்டும். ஆனால் போட்டிக் கொள்ளைக்காரன் மொரேனோ அவளை மனோவசியம் செய்து, அவள் கூட்டத்தின் தலைவனையே சுட வைக்கிறான். அவ்வளவு துணிச்சல்காரிக்குத் தன் கையே தன் வசத்தில் இல்லை.

கே: அழுகிற ஆண் வேண்டும் சார்.

ப: ஆபெல் கான்ஸின் 'லா ரூ' (1923) பாருங்கள். ரயில் எஞ்சின் ஓட்டும் சிசிஃப், விபத்தில் காப்பாற்றிய குழந்தை நோர்மாவை மகளாக வளர்க்கிறான். வளர்ந்ததும் அவள் மீதே ஆசை வருகிறது. யாரிடம் சொல்வான்? அவளை வேறொருவனுக்குக் கட்டிக்கொடுக்கும்போது, அவள் போகும் ரயிலையே மோதி நொறுக்கப் பார்க்கிறான். அப்புறம் நீராவி அடித்துக் கண்பார்வையும் மங்குகிறது. நடித்த செவெரின் மார் வாட்டசாட்டமான ஆள். கரி படிந்த அந்த முகத்தை நெருக்கத்தில் காட்டும்போதுதான் உள்ளே நடப்பது தெரிகிறது. படப்பிடிப்புக் காலம் முழுக்கக் கான்ஸின் துணைவி இதா காசநோயில் வாடிக்கொண்டிருந்தார். 1921இல் அவரும் போனார், அதே ஆண்டில் செவெரின் மாரும் போனார். இந்தப் படத்துக்கு இணையாக நான் எதையும் வைக்க மாட்டேன், 'ஜான் த ஆர்க்' படத்தையும் சேர்த்துத்தான்.

கே: ஜான் த ஆர்க் டென்மார்க்காரர் எடுத்ததுதானே?

ப: இயக்குநர் டிரையர் டேனிஷ், சரி. ஆனால் 1928இல் வந்த அந்தப் படத்தின் தயாரிப்பு பிரான்ஸுடையது. நாயகி ஃபால்கொனெத்திக்கு ஒப்பனை கிடையாது. பலர் அவர் கண்ணீரை மட்டும் நினைவில் வைத்திருக்கிறார்கள். மத விரோதி என்று விசாரிக்கப்படும் ஜான், நெருப்புக்குப் பயந்து, தான் சொன்னதெல்லாம் தவறு என்று கையெழுத்துப் போட்டுவிடுகிறாள். பிறகு அதைத் தானே மறுத்து, எரியச் சம்மதிக்கிறாள். பயந்தவள் எடுத்த முடிவு என்பதால்தான் அதற்கு அத்தனை கனம்.

கே: மிகை நடிப்பு எனக்கு ஒத்துவராது. எதில் ஆரம்பிக்கலாம்?

ப: ஜெர்மேன் துலாக்கின் 'மதாம் பெதே' (1923). கணவன் காலித் துப்பாக்கியைத் தன் நெற்றியில் வைத்து விளையாடுகிறவன். ஒருநாள் மனைவி சத்தமில்லாமல் குண்டு போட்டு வைக்கிறாள். மிச்சத்தைப் படத்தில் பாருங்கள், ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். 'லா ரூ'வுக்கு லீவு போட வேண்டியிருக்கும்: 2019இல் மீட்டெடுத்த பிரதி ஏறக்குறைய ஏழு மணி நேரம்.