16 வருசத்துக்குப் பிறகு அக்கா வாய் திறந்திருக்கிறா, இனி எங்க போறது?

ஜெர்மனியில இருந்து ஒரு தங்கச்சி எழுதிக் கேட்டிருக்கிறா. ஆளை அடையாளம் காட்டக்கூடிய எல்லாத்தையும் எடுத்துப்போட்டுச் சுருக்கமாச் சொல்லுறன். அவவின்ர அக்கா 2009இல வன்னியில இருந்து வந்து செட்டிகுளம் மெனிக் பாம் முகாமில (போர் முடியேக்க வன்னிச் சனத்தை வெளியில விடாம வைச்சிருந்த முகாம்) இருந்தவ, அங்க விசாரணைக்கெண்டு கூட்டிக்கொண்டு போன இடத்தில சீருடைக்காரர் ரெண்டு பேர் வல்லுறவு செய்திருக்கினம். இவ்வளவு காலமும் ஆருக்கும் சொல்லேல்லை, கட்டின மனுசனுக்கும் தெரியாது, இப்ப போனில தங்கச்சிக்கு மட்டும் சொல்லி அழுதிருக்கிறா. கேள்வி நாலு: இனியும் வழக்குப் போடலாமோ, ஆரிட்டப் போறது, ஒரு ஆதாரமும் இல்லையே, பெயர் வெளியில வந்திடாதோ.

முதல்ல திகதி. மற்றதெல்லாம் ஆறுதலாப் பார்க்கலாம், இது மட்டும்தான் ஓடிக்கொண்டு நிக்குது. இலங்கையின்ர குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையில 456ஆம் பிரிவு எண்டு ஒண்டிருக்கு. கொலைக்கும் தேசத்துரோகத்துக்கும் காலவரம்பு கிடையாது, மற்றக் குற்றங்களுக்கு நடந்த நாளில இருந்து 20 வருசம். வல்லுறவும் அந்த 'மற்ற'துக்குள்ளதான். அப்ப 2009 ஆவணியில நடந்தது எண்டா 2029 ஆவணியோட சரி. பொலிஸில ஒரு முறைப்பாடு குடுத்திட்டா நாள் எண்ணுறது நிண்டிடும் எண்டு நம்பிக்கொண்டு இருக்காதேங்கோ, சட்டம் சொல்லுறது வழக்குத் தொடருற உரிமையை, அதால அந்தத் திகதிக்கு முதல் விசயம் கோட்டுக்குப் போயிருக்க வேணும் எண்டே வைச்சுக்கொள்ளுங்கோ. விசாரணை, சட்டமா அதிபர் திணைக்களம் எண்டு ஃபைல் அலைய எடுக்கிற காலத்தையும் கழிச்சுப் பார்த்தா கையில இருக்கிறது கொஞ்சம்தான். 90களில நடந்த எத்தனையோ விசயங்களுக்கு இந்த வழி சத்தமில்லாம அடைபட்டுப் போச்சு, ஆரும் அதைப் பெரிசாக் கதைக்கவுமில்லை. உள்நாட்டுப் போரில நடந்ததைப் போர்க்குற்றம் எண்ட பெயரில விசாரிக்க எங்கட நாட்டில ஒரு சட்டம் இல்லை, சர்வதேச குற்றவியல் நீதிமன்றத்தை உண்டாக்கின ரோம் சாசனத்திலயும் இலங்கை சேரேல்லை, அதால முகாமில நடந்ததையும் சாதாரண தண்டனைச் சட்டக்கோவைக்குள்ள இழுத்துத்தான் கொண்டுவர வேணும்.

ஆனா இதைக் கேட்ட உடன அக்காவைப் பிடிச்சு நாளைக்கே பொலிசுக்குப் போ எண்டு நிக்காதேங்கோ. கேஸ் போடுறது வேற, பதிஞ்சு வைக்கிறது வேற. பதிஞ்சு வைக்கிறதை இண்டைக்கே தொடங்கலாம், அதுக்கு எந்த ஒஃபிசும் தேவையில்லை. கேஸ் போடுறதா இல்லையா எண்டது அவவின்ர முடிவு, அவ வேண்டாம் எண்டு சொன்னா அதோட நிப்பாட்ட வேணும், நீங்கள் வெளிநாட்டில இருந்து எவ்வளவு துடிச்சாலும் சரி.

பதியிறதில ஒரு விசயம் இருக்கு, கோட்டில நிண்டு பார்த்ததால சொல்லுறன், நல்ல மனசோட வாற ஆக்கள்தான் பாதி வழக்கைக் கெடுக்கிறது. ஒரு அமைப்பு வந்து கேக்கும், பிறகு இன்னொண்டு, பிறகு ஒரு பத்திரிகைக்காரர், பிறகு ஆணைக்குழு. போருக்குப் பிறகு அரசாங்கம் ஒண்டுக்குப் பின்னால ஒண்டா அமைச்சதுகள் எல்லாத்துக்கும் போய், எங்கட பெண்கள் நல்லிணக்க ஆணைக்குழுவுக்குச் சொல்லிச்சினம், பரணகம ஆணைக்குழுவுக்குச் சொல்லிச்சினம், 2016இல கலந்தாலோசனைச் செயலணி வரேக்கயும் போய்ச் சொல்லிச்சினம், அதுக்குப் பிறகு காணாமற்போனோர் அலுவலகம். ஒவ்வொரு தரமும் ஒருத்தர் தன்ர பாட்டுக்கு எழுத, ஒண்டில பின்னேரம் எண்டிருக்கும் மற்றதில இரவு எண்டிருக்கும், ஒண்டில ரெண்டு பேர் மற்றதில மூண்டு பேர், கடைசியில எதிர்த்தரப்பு லோயர் இதெல்லாத்தையும் மேசையில அடுக்கி வைச்சு "அம்மா இதில எது பொய்?" எண்டு கேப்பார். அவ பொய் சொல்லேல்லை, எழுதினவர் பிழையா எழுதினவர், ஆனா கூண்டில நிக்கிறது அவதானே. அதைவிட ஒவ்வொரு தரமும் அந்த நாளுக்கே திரும்பிப் போய்வர வேணும் எண்டது வேற, பிறகு நாலு நாள் நித்திரை வராது. ஐ.எஸ். கொடுமையில இருந்து தப்பி வந்த யசீதிப் பெண் நாடியா முராட் பெயரில 2022இல வந்த முராட் கோவை, பாலியல் வன்முறைக்கு ஆளானவையிட்ட எப்பிடிக் கேட்டுப் பதிய வேணும் எண்டு சொல்லுறது, அது சொல்லுறதும் இதைத்தான்: தேவையில்லாமத் திரும்பத் திரும்பக் கேக்காதே, ஏற்கனவே ஆரும் பதிஞ்சு வைச்சிருக்கினமோ எண்டு முதல்ல பார்.

அதால ஒருக்கா மட்டும், அவவின்ர சொல்லில, அவ சொல்லுற வேகத்தில. எழுதக்கூடிய ஆள் எண்டா தானே ஒரு கொப்பியில எழுதட்டும், எழுதின திகதியும் கையெழுத்தும் இருக்கட்டும். வட்ஸ்அப்பில வொய்ஸ் அனுப்பச் சொல்லாதேங்கோ, அந்த போனை வீட்டில பிள்ளையளும் எடுத்து விளையாடும். திகதி ஞாபகம் இல்லை எண்டு சொல்லுவா, அதில பிரச்சினை இல்லை, முகாம்காரருக்குத் திகதி கலண்டரில இல்லை. முகாமைப் பிரிச்சு வைச்ச பகுதியளில எந்த சோன் எண்டு கேளுங்கோ, கதிர்காமர், ஆனந்தகுமாரசுவாமி, இராமநாதன், அருணாசலம், இதில எதில இருந்தவ. 2009 ஆவணி மழைக்கு முகாம் வெள்ளத்தில நிண்டது எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும், அதுக்கு முன்னமோ பின்னமோ. மார்கழி முதலாம் திகதியில இருந்து வெளியில போய்வர விட்டவை, அதுக்கு முதலோ. கூட்டிக்கொண்டு போன இடம் தகரக் கொட்டிலோ கூடாரமோ, வாகனம் என்ன நிறம், உடுப்பு என்ன நிறம், தமிழ் கதைச்சவனோ, மற்றவன் அவனை என்னெண்டு கூப்பிட்டவன். ஆளின்ர பெயர் தெரியாட்டி கேஸே இல்லை எண்டு கன பேர் நினைக்கினம், அப்பிடி இல்லை. எந்த முகாமில எந்தக் காலத்தில எந்தப் பிரிவு நிண்டது எண்ட பதிவு அரசாங்கத்திட்ட இருக்க வேணும், அதைத் தேடுறது பொலிசின்ர வேலை, அக்காவின்ர வேலை இல்லை. தேடுவினமோ எண்டது வேற கேள்வி.

ஆதாரம் எண்டதுக்கு வாறன். உடம்பில காயம் இருக்க வேணும், சத்தம் போட்டிருக்க வேணும் எண்ட கதையெல்லாம் பழைய கதை. 1995ஆம் ஆண்டுத் திருத்தத்தோட தண்டனைச் சட்டக்கோவையின்ர 363ஆம் பிரிவில தெளிவா எழுதியிருக்கு, சம்மதம் இல்லை எண்டதைக் காட்ட எதிர்த்துப் போராடின காயம் கட்டாயம் இல்லை. தடுத்து வைச்சிருந்த இடத்தில நடந்தா 'அவவும் ஓம் எண்டவ' எண்ட பேச்சும் எடுபடாது. தன்ர பதவியை வைச்சுக்கொண்டு, தன்ர காவலில இருக்கிற பெண்ணை ஒரு அரச உத்தியோகத்தர் கெடுத்தா 364ஆம் பிரிவில ஆகக் குறைஞ்சது 10 வருசம். சட்டம் எழுத்தில நல்லாத்தான் இருக்கு.

16 வருசத்துக்குப் பிறகு உடம்பைப் பார்த்து டொக்டர் சொல்லக்கூடியது குறைவு, ஆனா மனநல வைத்தியர் எழுதுற அறிக்கை இருக்கே, அது பெறுமதியான ஆதாரம். சித்திரவதைக்கு ஆளானவையை வைத்தியர் எப்பிடிப் பார்த்து எழுத வேணும் எண்டு ஐ.நா.வின்ர இஸ்தான்புல் நெறிமுறை இருக்கு, அதில மனத் தாக்கத்துக்கும் உடம்புக் காயத்தளவு இடம் குடுத்திருக்கினம். அக்காவுக்கு இப்பவே பெரியாஸ்பத்திரியில 'நட்பு நிலையம்' எண்டு ஒரு இடம் இருக்கு, பெண்களுக்கு எதிரான வன்முறைக்கெண்டே வைச்சது, பொலிஸ் முறைப்பாடு இல்லாமலே போகலாம். எங்க தொடங்குறது எண்டு என்னைக் கேட்டா அங்கதான், பொலிஸ் ஸ்டேசனில இல்லை. கேஸ் போடாட்டிக்கும் அந்த நித்திரை வராத பிரச்சினைக்கு ஒரு மருந்து வேணும்தானே.

கேஸ் போடுறது எண்டு அவ முடிவெடுத்தா, தனியப் போக வேண்டாம். சட்ட உதவி ஆணைக்குழுவின்ர மாவட்ட ஒஃபிசில காசில்லாம லோயர் பிடிக்கலாம். பொலிஸில சொல்லுற முறைப்பாட்டைச் சொல்லுற மொழியிலயே எழுத வேணும், எழுதினதை வாசிச்சுக் காட்டவும் வேணும், குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின்ர 109ஆம் பிரிவு. தமிழில எழுத ஆள் இல்லை எண்டா நாங்களே எழுதிக் குடுக்கலாம். சிங்களத்தில எழுதிப்போட்டு "சைன் பண்ணுங்கோ அக்கா, எல்லாம் சரி" எண்டு நீட்டினா கையெழுத்து வைக்கவே கூடாது, இது எத்தினை இடத்தில நடந்திருக்கு எண்டு நான் சொல்லத் தேவையில்லை. முறைப்பாட்டையே எடுக்கமாட்டம் எண்டா லோயர் ஊடாக நேர நீதவானிட்ட அதே சட்டக்கோவையின்ர 136ஆம் பிரிவில போகலாம். உயர் நீதிமன்றத்தில அடிப்படை உரிமை வழக்குப் போடலாமே எண்டு ஆரும் சொன்னா, அது நடந்து ஒரு மாசத்துக்குள்ள போட வேண்டியது, இப்ப அதில அலைய வேண்டாம்.

பெயர் விசயம். இப்பிடியான வழக்கில பாதிக்கப்பட்டவவின்ர அடையாளத்தைப் பிரசுரிக்கிறது தண்டனைச் சட்டக்கோவையின்ர 365சி பிரிவில குற்றம். சாட்சியளைப் பாதுகாக்க 2015இல ஒரு சட்டம் வந்தது, 2023இல அதை எடுத்துப்போட்டுப் 10ஆம் இலக்கச் சட்டம் கொண்டு வந்தவை, வெருட்டினா அது தனிக் குற்றம், வேற இடத்தில இருந்து வீடியோவில சாட்சி சொல்லவும் வழி இருக்கு. ஆனா பாதுகாப்புக் குடுக்கிற பிரிவிலயும் இருக்கிறது பொலிசுதான், முறைப்பாடு சீருடைக்கு எதிரா இருக்கேக்க அது எவ்வளவு பாதுகாப்பு எண்டதை அவவே யோசிக்கட்டும்.

வெல்லுமோ எண்டு கேட்டா, பழசைப் பார்த்துத்தான் சொல்ல ஏலும். 1996 செப்ரெம்பர் 7 யாழ்ப்பாணத்து மாணவி கிருஷாந்தி இரசாயனவியல் சோதனை எழுதிப்போட்டு சைக்கிளில வரேக்க செம்மணி இராணுவச் சாவடியில மறிச்சு வல்லுறவு செய்து கொன்றவை, தேடிப்போன அம்மா, தம்பி, அயலவர் எல்லாரையும் சேர்த்து நாலு கொலை. 1998 யூலையில கொழும்பில மூண்டு நீதிபதிகள் இருந்து படையினருக்கு மரண தண்டனை குடுத்தவை. ஊர் உடன கத்தினது, உடல்களைத் தோண்டி எடுத்தது, கொலை வழக்காப் போனது, இதெல்லாம் சேர்ந்துதான் அது நிண்டது. உயிரோட திரும்பி வந்த பெண்களுக்கு அந்த வேகம் கிடைக்கேல்லை. 2001 மார்ச்சில மன்னாரில ரெண்டு பெண்களைப் பிடிச்சு வைச்சு வல்லுறவு செய்தவை, அந்தப் பெண்கள் துணிஞ்சு அதை நீதவானிட்டயே சொன்னவை, அடையாள அணிவகுப்பில ஆக்களையும் காட்டினவை, வழக்கை அநுராதபுரத்துக்கு மாத்திச்சினம், அதோட இழுபட்டது இழுபட்டதுதான்.

அதால இலங்கைக் கோட்டை மட்டும் பார்த்துக்கொண்டு இருக்கத் தேவையில்லை. 2021 மார்ச்சில ஐ.நா. மனித உரிமைகள் பேரவையில வந்த 46/1 தீர்மானத்தோட ஜெனீவாவில மனித உரிமைகள் ஆணையாளரின்ர அலுவலகத்தில இலங்கைக்கெண்டே ஒரு பிரிவு ஆதாரம் சேர்த்து வைக்குது, அதுக்குப் பிறகு கூட்டத்தொடரில அதைத் திரும்பத் திரும்ப நீட்டியிருக்கினம். அவை வழக்குப் போடமாட்டினம், இன்னொரு நாட்டில வழக்கு வந்தா குடுக்கிறதுக்கு வைச்சிருப்பினம், சொன்னவவின்ர ஓம் இல்லாமப் பெயர் குடுக்கிறதில்லை. நீங்கள் இருக்கிற ஜெர்மனியில வேற நாட்டில நடந்த போர்க்குற்றத்தையும் மனிதகுலத்துக்கு எதிரான குற்றத்தையும் விசாரிக்கலாம், 2022 தை மாசம் கோப்ளென்சில சிரியாவின்ர புலனாய்வு அதிகாரி ஒருத்தருக்கு ஆயுள் தண்டனை குடுத்த தீர்ப்பில வல்லுறவும் இருக்கு, சாட்சி சொன்னவையில கன பேர் அகதியா வந்தவை. ஆனா அந்த ஆள் ஜெர்மனியில இருந்தவர், அதுதான் வித்தியாசம். அங்கயெல்லாம் இலங்கையின்ர 20 வருசக் கணக்குப் பொருந்தாது, அதாலதான் அந்தக் கொப்பி முக்கியம்.

கடைசியா அத்தான். அவருக்குச் சொல்ல வேணும் எண்டு எந்தச் சட்டமும் இல்லை, லோயரும் சொல்லமாட்டார், ஆஸ்பத்திரியும் சொல்லாது. பயப்பட வேண்டியது ரெண்டு இடத்தில: பொலிஸ் வீட்ட தேடி வாறது, கோட்டு அறிவித்தல் தபாலில வாறது. எந்த முறைப்பாட்டிலயும் தொடர்பு விலாசம் எண்ட இடத்தில லோயரின்ர ஒஃபிசைப் போட ஏலுமோ எண்டு முதலே கேட்டு வைக்கச் சொல்லுங்கோ, போன் நம்பரும் வீட்டு நம்பரைக் குடுக்க வேண்டாம்.