மெசேஜ் வாங்கப் போகும் பாட்டி

அன்புள்ள சார்,

நான் நாகர்கோவில்காரி. நாலு மாதமாக கிளாஸ்கோவில் ஒரு ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருக்கிறேன். ஆங்கிலத் தேர்வில் நல்ல மதிப்பெண் வாங்கித்தான் வந்தேன், ஆனால் வார்டில் பேசுவது பாதி புரியவில்லை. வீட்டுக்குப் போகத் துடிக்கும் ஒரு பாட்டி, "என் மெசேஜஸை யார் போய் வாங்குவது?" என்று புலம்பினார். நான் அவருடைய போனை எடுத்துக் கொடுத்தேன், வார்டே சிரித்தது. லண்டனிலிருந்து வந்த தோழி, இவர்கள் பேசுவது கொச்சை, கண்டுகொள்ளாதே என்கிறாள். அப்படியா? நானும் இப்படிப் பேசப் பழகணுமா? நீங்கள் அங்கே இருந்தவர் என்பதால் கேட்கிறேன்.

ஒரு வாசகி, கிளாஸ்கோ

அன்புள்ள சகோதரி,

வெட்கப்படாதீர்கள். நான் ஆறு வருஷம் அந்த ஊரில் இருந்தவன். போன புதிதில் பக்கத்து வீட்டு அம்மா "மெசேஜஸுக்குப் போகிறேன், உனக்கு ஏதாவது வேணுமா?" என்று கேட்க, எனக்கு யாரும் எதுவும் அனுப்பவில்லையே என்று சொல்லி அவரை வாசலிலேயே முழிக்க வைத்தேன். அங்கே மெசேஜஸ் என்றால் பால், ரொட்டி, முட்டை, அதாவது கடைச் சாமான்.

ஆளைக் கவிழ்ப்பது இந்த மாதிரித் தெரிந்த சொற்கள்தான். ஒருவர் "பீலி வாலி" என்றால் நமக்கு ஒன்றும் புரியாது, உடனே கேட்டுவிடுவோம், முகம் வெளிறிச் சுகமில்லாமல் இருப்பது என்று சொல்வார்கள். "ஆக்ஸ்டர்" அக்குள். "வாபிட்" என்றால் அடித்துப்போட்ட மாதிரி அசதி. "போக்" வருகிறது என்றால் குமட்டுகிறது, கேள்வி கேட்காமல் வாந்தி பிடிக்கும் கிண்ணத்தோடு ஓடுங்கள். ஆனால் "ஹவ்?" என்று கேட்டால் எப்படி என்று விளக்க ஆரம்பித்துவிடுவோம், கிளாஸ்கோக்காரர் கேட்டதோ ஏன் என்று. ஊசி எதற்கு என்று கேட்ட மனுஷனிடம் ஊசியை எப்படிக் குத்துவேன் என்று விவரித்தால் என்ன ஆகும், யோசித்துப் பாருங்கள்! "டீ" பல வீடுகளில் சாயங்காலச் சாப்பாடு. வீட்டுக்கு வந்தவரை எடின்பரோக்காரர்கள் "டீயை முடித்துவிட்டுத்தான் வந்திருப்பீர்கள்" என்று வரவேற்பார்களாம், இது கிளாஸ்கோவின் தீராத கேலி. நம் பக்கமும் இதே கேலி உண்டு, ஊர் பெயரைச் சொல்லி வம்பை விலைக்கு வாங்க வேண்டாம்.

உங்கள் வேலைக்கு முக்கியமானது "நாட் டூ பேட்". அந்தத் தலைமுறை ஆட்கள் வலியில் பல்லைக் கடித்துக்கொண்டும் அதையேதான் சொல்வார்கள். நம்பாதீர்கள், முகத்தைப் பாருங்கள். அப்புறம் "ஐ, ரைட்". இரண்டு சொல்லுக்கும் தனித்தனியே ஆமாம், சரி என்றுதான் பொருள், சேர்த்து இழுத்துச் சொன்னால் "ஆமா, கிழிச்சே" என்று ஆகிவிடும். நாளைக்கு டிஸ்சார்ஜ் என்று டாக்டர் சொல்லிவிட்டுப் போனதும் பாட்டி என்ன முணுமுணுக்கிறார் என்று கவனியுங்கள். கிளாஸ்கோ புத்தகத் திருவிழாவுக்குப் பெயரே "ஐ ரைட்", எழுதுகிற ரைட்டை அதில் ஒளித்து வைத்திருக்கிறார்கள்.

கொச்சை என்கிற பேச்சை மட்டும் என்னால் ஒத்துக்கொள்ள முடியாது. அவர்கள் பேச்சில் கலந்திருப்பது ஸ்காட்ஸ் என்கிற மொழி. பழைய ஆங்கிலத்தின் வடக்குக் கிளையில் வளர்ந்தது, ஒரு காலத்தில் அரசவையும் சட்டமும் நடந்த மொழி. 1603இல் ஸ்காட்லாந்து ராஜா லண்டனுக்குக் குடிபோனார், 1707இல் நாடாளுமன்றமும் போனது, கூடவே மொழியின் மரியாதையும் போனது. டேவிட் ஹ்யூம் மாதிரிப் பெரிய தத்துவவாதியே எழுத்தில் தவிர்க்க வேண்டிய ஸ்காட்லாந்துச் சொற்கள் என்று பட்டியல் போட்டு வைத்திருந்தார் என்றால் பாருங்கள். ஆனாலும் 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சுமார் 15 லட்சம் பேர் ஸ்காட்ஸ் பேசத் தெரியும் என்று சொன்னார்கள், 2025இல் சட்டம் போட்டு அதிகாரபூர்வ மொழி ஆக்கிவிட்டார்கள். லண்டன் தோழியிடம் "ஹேவ் எ புச்சர்ஸ்" என்றால் என்ன என்று கேளுங்கள். கசாப்புக் கடைக் கொக்கி "புச்சர்ஸ் ஹுக்", அதில் "ஹுக்" "லுக்"கோடு எதுகை, பிறகு அந்த ஹுக்கையே வெட்டி எறிந்துவிட்டு, மிச்சமிருக்கும் கசாப்புக்காரரை வைத்து "ஒரு பார்வை பார்" என்கிறார்கள். இதைச் செய்கிற ஊர்க்காரி அடுத்தவரைக் கொச்சை என்கிறாள்!

நீங்கள் அப்படிப் பேச மெனக்கெட வேண்டாம், வலிந்து பேசினால் நக்கலடிக்கிற மாதிரி இருக்கும். சின்ன என்று பொருள்படும் "வீ" மட்டும் தானாக ஒட்டிக்கொள்ளும், ஊசி போடும்போது சின்ன வலி என்பதற்கு நீங்களே ஒரு நாள் சொல்லிவிடுவீர்கள்.

ஒன்று மறந்துவிட்டேன். ஷிப்ட் "ஹாஃப் செவன்" என்றால் ஆறரை இல்லை, ஏழரை. பேர்தான் நமக்குப் பயம், நேரம் நல்ல நேரம்தான், ஒரு மணி நேரம் கூடத் தூங்கலாம்.