மற்றவர் துக்கம் எனக்குள் ஏன் இறங்குகிறது?

குளச்சல் பக்கத்துக் கடலோர ஊரிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார்: "ஒரு வீட்டுக்குள் நுழைந்ததுமே அங்கே சண்டை நடந்திருப்பது எனக்குத் தெரிந்துவிடுகிறது. யார் வீட்டு வள்ளம் கரைதிரும்பத் தாமதமானாலும் எனக்குச் சோறு இறங்காது. எல்லாரும் என்னிடம் வந்து அழுகிறார்கள். நான் வாய்திறந்தால், 'உனக்கு எல்லாமே பெரிதுதான்' என்கிறார்கள். இது நோயா? மனதைக் கல்லாக்க வழி உண்டா?"

நோயில்லை, சகோதரி. கல்லாக்கவும் வேண்டாம். அமெரிக்க உளவியலாளர்களான எலைன் ஆரோன், ஆர்தர் ஆரோன் தம்பதி 1997இல் இதை ஒரு பிறவி இயல்பாக விளக்கினார்கள். நூற்றில் 15 முதல் 20 பேர் இப்படி இருப்பார்கள் என்பது எலைனின் கணிப்பு.

ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள். குடித்துவிட்டு வரும் அப்பா படியில் செருப்பைக் கழற்றும் சத்தத்தை வைத்தே அன்றைய இரவைக் கணித்து வளர்ந்த பிள்ளைகளுக்கும் இந்தக் கூர்மை வந்துவிடும். அது பயம் கற்றுக்கொடுத்த காவல். உங்கள் கதை அதுவென்றால் மனநல ஆலோசகரிடம் பேசுவது அவசியம்.

வள்ளத்துக்கு வருகிறேன். 2017இல் ஒக்கிப் புயலைக் கண்ட கரையில் அந்தப் பயத்தைக் கற்பனை என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் உங்கள் வீட்டில் பட்டினி கிடப்பதைவிட, அந்த வீட்டுக்குப் போய்க் கட்டன்சாயா போட்டுக் கொடுத்து உடன் உட்காருங்கள். பிறர் வலியைத் தன் வலியாக்கிக்கொள்வது ஆளை வாட்டுகிறது, அவர் நலனை நினைக்கும் கருணை தெம்பு தருகிறது என்பதை ஜெர்மன் நரம்பியல் ஆய்வாளர் தானியா சிங்கர் குழுவினர் பயிற்சி கொடுத்தே கண்டார்கள்.

முகம் பார்த்து அறிவதில் ஊகமும் கலந்திருக்கும். மதினி முகம் வாடியிருந்தால், 'என்மேல் கோபமோ' என்று இரவெல்லாம் புரளாமல் கேட்டுவிடுங்கள். பல்வலியாக இருக்கலாம்.

இரண்டு வாரத்துக்கு மேல் தூக்கமும் பசியும் கெட்டால் ஆசாரிப்பள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குப் போங்கள். 14416 என்ற இலவச மனநல உதவி எண்ணில் எந்நேரமும் பேசலாம்.

உங்கள் கடிதத்தில் என்னை மிகவும் உறுத்தியது தனிமை. பிறர் மனம் அவர்கள் சொல்லாமலே உங்களுக்குத் தெரிகிறது. அதனால் உங்கள் மனமும் சொல்லாமலே அவர்களுக்குத் தெரியும் என்று காத்திருக்கிறீர்கள். அவர்களுக்குத் தெரியாது, அதற்கு அன்பில்லை என்று பொருளல்ல. நம்பிக்கையான ஒருவரைப் பிடித்து உட்காரவைத்து, "நேற்று மூன்று பேர் என்னிடம் அழுதார்கள். இன்று பத்து நிமிடம் நான் சொல்வதை நீ கேள்" என்று சொல்லுங்கள்.