144 ஹெர்ட்ஸ் மானிட்டரில் விளையாட்டுக்கு 60 எஃப்பிஎஸ் (நொடிக்கு 60 ஃபிரேம், அதாவது படம்) வரம்பு வைத்தால் திக்குகிறதா?

60-ஐ எடுத்துவிட்டு 72 வையுங்கள், விசிங்க் (ஃபிரேமைத் திரையின் ரெஃப்ரெஷோடு சேர்த்து வெளியிடும் அமைப்பு) ஆனில் இருக்கட்டும். கிராஃபிக்ஸ் கார்டு சூடாகக் கூடாதென்று வரம்பு வைத்தது சரிதான். எண்தான் உங்கள் 144 ஹெர்ட்ஸ் திரைக்குப் பொருந்தவில்லை.

உங்கள் திரை நொடிக்கு 144 முறை புதுப்பிக்கும், அதுதான் ரெஃப்ரெஷ். 144-ஐ 60-ஆல் வகுத்தால் ஒரு ஃபிரேமுக்கு 2.4 ரெஃப்ரெஷ். அந்த 0.4-ஐத் திரையால் காட்ட முடியாது. அதனால் ஒரு ஃபிரேம் 2 ரெஃப்ரெஷ் (சுமார் 14 மில்லிசெகண்ட்) நிற்கும், இன்னொன்று 3 (சுமார் 21) நிற்கும். எஃப்பிஎஸ் கவுண்டர் என்னவோ அசையாமல் 60 காட்டும். கேமராவை மெதுவாகத் திருப்பும்போதுதான் கண்ணை உறுத்தும். 72 என்றால் ஒவ்வொரு ஃபிரேமும் 2 ரெஃப்ரெஷ்தான்.

இதுதான் காரணமா என்று பார்க்க, விண்டோஸின் அட்வான்ஸ்டு டிஸ்பிளே பகுதியில் 120 ஹெர்ட்ஸுக்கு மாற்றி, அதே 60-இல் ஓட்டிப் பாருங்கள். திக்கல் போனால் இதுதான். போகாவிட்டால், விளையாட்டுக்குள் ஒன்று, டிரைவரில் ஒன்று என்று இரண்டு வரம்புகள் மோதுகின்றனவா பாருங்கள், ஒன்று போதும்.

ஃபிரேம் வரும் வேகத்துக்கேற்ப திரையின் ரெஃப்ரெஷை மாற்றும் ஜி-சிங்க் அல்லது ஃப்ரீசிங்க் வேலை செய்கிறதென்றால் இந்தக் கணக்கே தேவையில்லை. அப்புறம், சில பழைய விளையாட்டுகளில் 60-ஐத் தாண்டினாலே பொருள்கள் தாறுமாறாகப் பறக்கும். அவற்றுக்கு 72 வேண்டாம். 120 ஹெர்ட்ஸில் 60-தான் சரி.