இமையாப்புள்ளின் மறுபக்கம்

கேள்வி: கற்பனை நாடு ஒன்றைப் படைத்து, அதை வைத்துத் தொடர்கதை எழுதி வருகிறேன். அந்நாட்டு அரசியின் மேலாடையில் ‘இமையாப்புள்’ என்னும் பறவைச் சின்னம் நெய்யப்பட்டிருக்கிறது. வஞ்சகர் எவரேனும் அருகில் வந்தால் அதன் கண் சிவக்கும். நெசவாளி மந்திரம் ஓதிக்கொண்டே நெய்ததால் அந்தச் சக்தி வந்தது என்று எழுதியிருந்தேன். படித்துப் பார்த்த என் அண்ணன், “மந்திரம்தான் காரணம் என்றால் பறவையைத் துணியில் வரைந்தாலே போதுமே, எதற்காக நெய்ய வேண்டும்?” என்கிறார். மேலும், எதிரி நாட்டார் போலிச் சின்னம் செய்தால் அதை எப்படிக் கண்டுபிடிப்பது?
— வாசகி, அல்சூர், பெங்களூரு

பதில்: உங்கள் அண்ணனுக்கு முதலில் நன்றி சொல்லுங்கள். அவர் கேட்ட கேள்விக்கு விடை கிடைத்துவிட்டால் உங்கள் கதைக்கு மந்திரமே தேவைப்படாது, நெசவே மந்திரமாகிவிடும்.

வரைந்த சின்னமும் எம்பிராய்டரி செய்த சின்னமும் ஏற்கெனவே இருக்கிற துணியின் மேல் பிறகு ஏறியவை. நெய்த சின்னம் துணியோடு சேர்ந்தே பிறக்கிறது. அதிலும் இரண்டு வகை உண்டு. காஞ்சிபுரத்துப் புட்டாவில், அதாவது புடவையில் நெய்யும் சிறு பூவில், அடித்துணியின் ஊடை (குறுக்கே ஓடும் இழை) தன் போக்கில் போக, ஜரிகை கூடுதல் ஊடையாக அதனோடு வருகிறது. பொறுமையுள்ள ஒருவர் அந்த ஜரிகையை இழை இழையாக உருவிவிட்டால் பூ போய்விடும், புடவை எஞ்சி நிற்கும். மராட்டிய நாட்டுப் பைத்தணிப் புடவையின் முந்தானையில் அப்படி முடியாது. அங்கே மயிலின் பச்சையும் நீலமும்தான் அந்த இடத்தின் ஊடை. நிறம் மாறும் இடத்தில் அவை ஒன்றையொன்று கோத்துக்கொண்டு திரும்பிவிடுவதால், மயிலை உருவினால் அவ்விடத்தில் வெறும் பாவு இழைகளே, அதாவது நீளவாக்கில் ஓடும் இழைகளே மிஞ்சும். உங்கள் இமையாப்புள் இந்த இரண்டாம் வகையாக இருக்கட்டும். அரசியின் ஆடையைக் கிழிக்காமல் அதை எவராலும் எடுக்க முடியாது என்பதே வரைவதற்கும் நெய்வதற்கும் உள்ள வேறுபாடு.

இனி, கண் ஏன் சிவக்கிறது என்பதற்கு வருவோம். கோர்வை நெசவில் உடலும் இரு கரைகளும் வெவ்வேறு நிறத்தில் வருவதால் ஊடை நூலைக் கொண்டு செல்லும் நாடாக்கள் மூன்று ஓடுகின்றன. மரபாக, நெசவாளி தறியில் அமர்ந்திருக்க, மறுபக்கக் கரையின் நாடாவைத் தள்ள இன்னொருவர் அருகில் இருப்பார். இருவரில் ஒருவர் கை தவறினாலும் கரையும் உடலும் கோத்துக்கொள்ளாமல் நின்றுவிடும். இமையாப்புள்ளையும் இரண்டு பேர் நெய்யட்டும். வஞ்சகத்தை அறியும் அந்தக் கண், ஒருவரையொருவர் நம்பி நாடாவை வாங்கிக் கொடுத்த இருவர் கையில் உருவானது என்று நீங்கள் எழுதினால், அதை வரைய முடியாது என்பதை உங்கள் அண்ணனே ஒப்புக்கொள்வார். அவ்விருவரும் ஓர் அண்ணனும் தங்கையுமாக இருந்தால் எனக்குக் கூடுதல் மகிழ்ச்சி.

போலியைக் கண்டுபிடிக்கத் துணியைத் திருப்பிப் பார்த்தால் போதும். என் தாயாரின் கூறைப்புடவையை ஒருமுறை பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். முன்புறத்தில் வட்டமாகத் தெரிந்த அன்னத்தின் கழுத்து, நெருங்கிப் பார்த்தால் சின்னஞ்சிறு படிக்கட்டாக இருந்தது. பாவும் ஊடையும் நேராகவே போவதால் தறிக்கு உண்மையான வளைவு தெரியாது, படிப்படியாக ஏறித்தான் அது வளைய வேண்டும். கர்நாடக அரசின் சின்னமான கண்டபேருண்டத்தை அச்சிட்ட தாளில் பாருங்கள், சிறகு வழவழவென்று வளைகிறது. அதே இருதலைப் பறவையைப் பட்டுக்கரையில் பாருங்கள், படிகள் தெரியும். எதிரி நாட்டார் ஊசியால் தைத்தால் வளைவு மிக அழகாக வந்துவிடும். அந்த அழகே அவர்களைக் காட்டிக்கொடுக்கட்டும். பின்புறத்தில் முடிச்சுகளும், எல்லாத் திசைகளிலும் தாவிய நூலும் இருக்கும். பைத்தணி முறையில் நெய்த பறவையோ இருபுறமும் ஒன்றுபோலவே இருக்கும்.

கரிகாலன் தந்த ஆடையில் இழை போன வழியைக் கண்ணால் தொடர முடியவில்லை என்றும், பூவேலை நிறைந்த அது பாம்பின் உரியை ஒத்திருந்தது என்றும் பொருநராற்றுப்படை சொல்கிறது. அரசியின் மேலாடையைத் தொட்டுப் பார்க்கும் பாத்திரம் ஒன்றுக்கு அந்த வியப்பைக் கொடுங்கள்.

கேள்வி: மந்திரச் சின்னத்தை ஜக்கார்டு தறியில் நெய்ததாக எழுதலாமா?
— வாசகர், கப்பன்பேட்டை, பெங்களூரு

பதில்: தாராளமாக எழுதலாம். உங்கள் பேட்டைச் சந்துகளில் தறிச் சத்தம் கேட்டு வளர்ந்தவருக்கு அது இயல்பாகவே வரும். பிரான்சின் லியோன் நகரத்து ஜக்கார்டு என்பவர் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் உருவாக்கிய அந்தக் கருவியில் துளையிட்ட அட்டைகளே வடிவத்தைத் தீர்மானிக்கும்; அட்டையில் துளை இருக்கும் இடத்தில் பாவு இழை மேலே எழும்பும், துளை இல்லாத இடத்தில் கீழேயே நிற்கும். ஓர் ஊடைக்கு ஓர் அட்டை. ஆகவே உங்கள் கதையில் சக்தி நெசவாளியின் கையை விட்டு அட்டைக் கட்டுக்குப் போய்விடுகிறது. கள்வன் இனி ஆடையைத் திருட மாட்டான், அட்டைகளைத்தான் திருடுவான். நெசவாளி அதை முன்கூட்டியே அறிந்து, பறவையின் கண்ணுக்குரிய ஓர் அட்டையை மட்டும் தன் வீட்டு அரிசிப் பானைக்குள் ஒளித்து வைத்திருக்கலாம்.